கணக்கில் மிதந்த கப்பல்கள்: அட்மிரல் சாப்மனின் வாழ்வும் பணியும்

1753இல் இங்கிலாந்தில் ஒரு சுவீடன்காரரைக் கைது செய்தார்கள். அரசுக் கப்பல் தளங்களில் நடமாடிக்கொண்டு, அங்கே கட்டப்பட்டுவந்த கப்பல்களின் அளவுகளைக் குறித்துக்கொள்கிறார், தேர்ந்த தச்சர்களுக்கு ஆசை காட்டி வெளிநாட்டு வேலைக்கு அழைத்துப்போகப் பார்க்கிறார் என்பது சந்தேகம். குறிப்புகளையும் வரைபடங்களையும் பறிமுதல் செய்தார்கள். ஏறத்தாழ ஒரு மாதம் காவலில் இருந்தார். வெளியே வந்தவர் ஊர் திரும்பவில்லை. ஹாலந்துக்குப் போனார்; பிறகு பிரான்சின் பிரெஸ்ட் துறைமுகத்துக்குப் போய், ஒரு பெரிய போர்க்கப்பல் ஏரா என்னும் அடிமரத்திலிருந்து மேல்தட்டுவரை எப்படி எழுகிறது என்று பக்கத்திலிருந்தே பார்த்துக் குறிப்பெடுத்தார்.

அவர் பெயர் பிரெட்ரிக் ஹென்ரிக் சாப்மன். பின்னாளில் சுவீடன் கடற்படையின் துணை அட்மிரல் ஆனவர். ஆனால் ஒரு கடற்போரிலும் அவர் கப்பற்படையை நடத்திச் சென்றதில்லை. அவர் போரிட்டதெல்லாம் வரைபலகையின் முன்னால்தான். பதினெட்டாம் நூற்றாண்டுக் கடற்படை வரலாற்றில் அட்மிரல்களுக்குப் பஞ்சமில்லை. அவர்களில் பெரும்பாலோரின் புகழ் ஒரு வெற்றியோடும் ஒரு மரணத்தோடும் முடிந்துவிடுகிறது. சாப்மன் செய்த வேலை வேறு. கைது செய்து மறைக்க வேண்டிய அளவுக்கு ரகசியமாக இருந்த ஓர் அறிவை, யாரும் வாங்கிப் படிக்கக்கூடிய புத்தகமாக மாற்றியவர் அவர். அவருடைய வாழ்க்கை முழுவதையும் இந்த ஒரு மாற்றத்தின் கதையாகவே நான் வாசிக்கிறேன்.

சாப்மன் 1721 செப்டம்பரில் சுவீடனின் மேற்குக் கரைத் துறைமுகமான கோத்தன்பர்க்கில் பிறந்தார். அப்பா தாமஸ் சாப்மன் இங்கிலாந்திலிருந்து வந்து சுவீடன் கடற்படையில் சேர்ந்த அதிகாரி; கோத்தன்பர்க் கடற்படைத் தளத்தில் பொறுப்பு வகித்தவர். அம்மா சூசன்னா, லண்டன் கப்பல் கட்டுநர் வில்லியம் கோல்சனின் மகள். ஆக, அப்பா வழியில் கடலும் அம்மா வழியில் தச்சுப்பட்டறையும் அவருக்கு வந்து சேர்ந்தன. பதின்வயதில் கடலுக்குப் போனார். இருபதை எட்டும்போது லண்டனில் சாதாரணக் கப்பல் தச்சராகக் கூலிவேலை பார்த்துக்கொண்டிருந்தார். பிற்காலத்தில் கணக்குப் போட்டே கப்பல் கட்டியவர் என்று பெயர் எடுத்தவர், முதலில் உளியும் வாய்ச்சியும் பிடித்து வளர்ந்தவர் என்பதை மறக்கக் கூடாது. மரம் எங்கே வளையும், எங்கே பிளக்கும் என்பது அவருக்குக் கை வழியாகவே தெரிந்திருந்தது.

1744இல் ஊர் திரும்பி, ஒரு வணிகருடன் கூட்டுச் சேர்ந்து சொந்தமாகக் கப்பல் தளம் தொடங்கினார். அப்போது கோத்தன்பர்க்கில் பணம் புழங்கியதற்கு முக்கியக் காரணம் 1731இல் தொடங்கப்பட்ட சுவீடன் கிழக்கிந்தியக் கம்பெனி. அதன் கப்பல்கள் கான்டன்வரை போய்த் தேயிலையும் பீங்கானும் ஏற்றிவந்தன. அந்தக் கம்பெனிக்கு நம் கரையிலும் ஒரு கசப்பான அத்தியாயம் உண்டு. 1733இல் சுவீடன்காரர்கள் பரங்கிப்பேட்டையில் பண்டகசாலை அமைத்தார்கள். சென்னையிலிருந்த ஆங்கிலேயர்களும் புதுச்சேரியிலிருந்த பிரெஞ்சுக்காரர்களும், தங்களுக்குள் இருந்த பகையை ஒதுக்கிவைத்துவிட்டு, ஒன்றாகப் படை அனுப்பி அதைக் கைப்பற்றினார்கள். அதன் பிறகு கம்பெனியின் கண் பெரும்பாலும் சீனத்தின் மீதே இருந்தது. அந்த நெடுந்தூரப் பயணங்களில் அடிபட்டுத் திரும்பிய கப்பல்களைப் பழுதுபார்க்கும் வேலை சாப்மனின் தளத்துக்கும் வந்தது.

கட்டிமுடித்துக் கடலுக்கு அனுப்பிய கப்பலைவிட, அடிபட்டுத் திரும்பிய கப்பல் தச்சனுக்கு அதிகம் சொல்லிக்கொடுக்கும். எந்த வங்கு (கப்பலின் விலா மரம்) முறிந்தது, எந்த இணைப்பு விட்டுப்போனது, சரக்கு ஏற்றியபோது எந்தப் பக்கம் அமிழ்ந்தது என்பதெல்லாம் உடலிலேயே எழுதியிருக்கும். ஆனால் ஏன் அப்படி ஆனது என்று கேட்டால் சொல்ல ஆளில்லை. ஒரே தளத்தில், ஒரே மேஸ்திரி, ஏறத்தாழ ஒரே அளவில் கட்டிய இரண்டு கப்பல்களில் ஒன்று காற்றைக் கிழித்துப் போகும், மற்றது தள்ளாடும். பல ஆண்டுகள் கழித்து எழுதிய நூலின் முன்னுரையில், நல்ல கப்பல் அமைவது பெரும்பாலும் தற்செயலாகவே இருக்கிறது என்று அவர் வருந்தியது இந்த அனுபவத்திலிருந்து வந்திருக்க வேண்டும்.

1748இல் நன்றாக ஓடிக்கொண்டிருந்த தொழிலில் தன் பங்கை விற்றார். வயது இருபத்தாறு. ஸ்டாக்ஹோம் போய்க் கணிதம் படிக்க உட்கார்ந்தார். இரண்டு ஆண்டுகள் கழித்து லண்டனில் தாமஸ் சிம்சனிடம் மாணவராகச் சேர்ந்தார். நம் கல்லூரி மாணவர்கள் சிம்சன் விதி என்று படிக்கிறார்களே, அதே சிம்சன். வருமானம் வரும் தளத்தை விட்டுவிட்டு ஒரு தச்சர் கணக்கு வகுப்பில் போய் உட்கார்ந்த இந்த முடிவுதான் அவர் வாழ்க்கையின் பெரிய துணிச்சல் என்பேன். பின்னாளில் கிடைத்த பதவிகள் எல்லாம் இதிலிருந்து கிளைத்தவை.

சிம்சன் விதியைக் கப்பலுக்கு எப்படிப் பயன்படுத்தினார் என்பதைச் சற்று நின்று பார்க்கலாம். ஒரு கப்பலின் உடலை முன்பக்கத்திலிருந்து பின்பக்கம்வரை சம இடைவெளியில் குறுக்காக வெட்டுவதாக வைத்துக்கொள்வோம். ஒவ்வொரு வெட்டிலும் நீர்மட்டத்துக்குக் கீழே இருக்கும் பரப்பை வரைபடத்திலிருந்தே அளந்துவிடலாம். ஐந்து வெட்டுகள் என்றால், முதல் பரப்பை அப்படியே எடுத்துக்கொண்டு, இரண்டாவதை நான்காலும், மூன்றாவதை இரண்டாலும், நான்காவதை நான்காலும் பெருக்கி, ஐந்தாவதை அப்படியே கூட்ட வேண்டும். வந்த தொகையை இரு வெட்டுகளுக்கு இடையிலுள்ள தூரத்தால் பெருக்கி மூன்றால் வகுத்தால், நீருக்குள் அமிழ்ந்திருக்கும் பகுதியின் கன அளவு கிட்டத்தட்டச் சரியாகக் கிடைத்துவிடும். அந்த அளவு தண்ணீரின் எடைதான் கப்பலின் மொத்த எடை. மரம், பாய், நங்கூரம், பீரங்கி, குண்டு, ஆட்கள், ஆறு மாதத்துக்கான உப்பிட்ட இறைச்சி, குடிநீர்ப் பீப்பாய் எல்லாவற்றையும் கூட்டி இந்த எடையோடு ஒப்பிட்டால், கப்பல் எந்தக் கோட்டில் மிதக்கும் என்பது முதல் மரம் வெட்டுவதற்கு முன்பே தெரிந்துவிடும்.

இதே கணக்கு இன்னும் ஒருபடி மேலே போகும். கப்பல் சாயும்போது அது தானாக நிமிருமா, கவிழுமா என்பதைத் தீர்மானிக்கும் புள்ளியை மெட்டாசென்டர் என்கிறார்கள். பிரெஞ்சு அறிஞர் பியர் பூகே 1746இல் வெளியிட்ட நூலில் அதை விளக்கியிருந்தார். கப்பலின் எடை மையம் அந்தப் புள்ளிக்குக் கீழே இருந்தால் கப்பல் நிமிரும். மேலே போய்விட்டால் சாய்ந்தது சாய்ந்ததுதான். பூகேயின் கோட்பாடு அறிஞர்களுக்காக எழுதப்பட்டது. அதைத் தளத்து வேலையாக, ஒரு கப்பல் கட்டுநர் தன் மேசையில் நாள்தோறும் போடும் கணக்காக மாற்றியவர்களில் சாப்மன் முன்னோடி.

இந்தக் கேள்வி சுவீடனுக்கு எவ்வளவு வலிமிக்கது என்பதற்கு 'வாசா' சாட்சி. 1628 ஆகஸ்ட் 10 அன்று, நாட்டின் பெருமைக்குரிய அந்தப் புதிய போர்க்கப்பல் ஸ்டாக்ஹோம் துறையிலிருந்து புறப்பட்டு ஒன்றரைக் கிலோமீட்டர்கூடப் போகவில்லை. ஒரு காற்றுவீச்சில் சாய்ந்து, திறந்திருந்த பீரங்கித் துளைகள் வழியாகத் தண்ணீர் புகுந்து மூழ்கியது. முன்னதாக அதன் நிலைத்தன்மையைச் சோதிக்க முப்பது பேரை மேல்தட்டில் குறுக்காக ஓடவிட்டுப் பார்த்தார்கள். கப்பல் பயங்கரமாக ஆடியதால் சோதனையைப் பாதியில் நிறுத்தினார்கள். ஆனாலும் கப்பல் புறப்பட்டது. அன்று யாருக்கும் வேறு வழி இல்லை: கட்டிமுடித்த பிறகு ஆட்களை ஓடவிட்டுத்தான் பார்க்க முடியும். அப்போது கோளாறு தெரிந்தால் திருத்துவதற்கும் நேரமில்லை, சொல்வதற்கும் துணிவில்லை. சாப்மன் அந்தச் சோதனையைத் தாளுக்குக் கொண்டுவந்தார்.

1757இல் சுவீடன் கடற்படைப் பணியில் சேர்ந்தார். அடுத்த சில ஆண்டுகளில் அவருக்கு வாய்த்த தலைவர் அகஸ்டின் எரன்ஸ்வார்ட். ஹெல்சின்கிக்கு எதிரே தீவுகளின்மீது ஸ்வேயபோர்க் கோட்டையைக் கட்டியவர். பின்லாந்து அப்போது சுவீடனின் பகுதி. அதன் கரையோரம் ஆயிரக்கணக்கான பாறைத் தீவுகளும் ஆழமற்ற குறுகிய கால்வாய்களும் நிறைந்தது. பெரிய போர்க்கப்பல் அங்கே தரைதட்டும். 1719 முதல் 1721 வரை ரஷ்யத் துடுப்புக் கப்பல்கள் அந்தத் தீவுக்கூட்டங்களின் வழியாக வந்து சுவீடனின் கிழக்குக் கரை ஊர்களைக் கொளுத்திய நினைவு மக்களிடம் ஆறவில்லை. துடுப்பிலும் போக வேண்டும், பாயிலும் போக வேண்டும், கனமான பீரங்கியும் சுமக்க வேண்டும் என்று எரன்ஸ்வார்ட் கேட்டார். சாப்மன் நான்கு வகைக் கலங்களை வரைந்து கொடுத்தார். உதெமா, பொயமா, துருமா, ஹெம்மெமா என்று பின்லாந்து மாகாணங்களின் பெயர்களை ஒட்டி அவற்றுக்குப் பெயர் வைத்தார்கள்.

இவை முழு வெற்றி என்று சொல்ல முடியாது. துருமாவில் பீரங்கி வலிமை இருந்தது. துடுப்புப் போட்டால் நகர மறுத்தது. 1789 ஆகஸ்டில் பின்லாந்துக் கரையோரம் ஸ்வென்ஸ்க்சுந்தில் நடந்த முதல் போரில் சில துருமாக்கள் ரஷ்யர் கையில் சிக்கின. ஒரே கலத்தில் எல்லாவற்றையும் அடக்கப் பார்த்ததன் விளைவு இது. 1770களில் சாப்மனே எதிர்த்திசையில் யோசிக்கத் தொடங்கிவிட்டார். ஒரு பெரிய கலத்தில் இருபது பீரங்கிகளை ஏற்றுவதற்குப் பதிலாக, ஒன்றிரண்டு கனமான பீரங்கிகளைச் சுமக்கும் தாழ்வான துடுப்புப் படகுகளை ஏராளமாகக் கட்டினால் என்ன? அப்படிப் பிறந்ததுதான் பீரங்கிப் படகு. முன்னால் ஒன்று, பின்னால் ஒன்று என 24 பவுண்டுக் குண்டு எறியும் பீரங்கிகள். ஏறத்தாழ அறுபது பேர். கடலில் அலை எழுந்தால் பீரங்கிகளைச் சரித்து அடித்தளத்துக்கு இறக்கிவிடலாம். அதே எடை படகை நிலைநிறுத்தும். சுமை ஒன்று, பயன் இரண்டு. கணக்குப் போட்டுப் பழகிய மனத்துக்கு மட்டுமே இப்படித் தோன்றும்.

இடையில் அவருடைய மிகப் பெரிய வேலை தாளில் நடந்தது. 1768இல் ஸ்டாக்ஹோமில் 'ஆர்க்கிடெக்சுரா நவாலிஸ் மெர்க்கடோரியா' வெளிவந்தது: 62 பெரிய செப்புத்தகட்டு அச்சுப் படங்கள். வணிகக் கப்பல்கள், அஞ்சல் கலங்கள், உல்லாசப் படகுகள், தனியார் போர்க்கலங்கள், பல நாட்டுப் படகு வகைகள் எனக் கப்பல் உலகமே அதில் விரிந்தது. பாய்மரங்களின் எண்ணிக்கையையும் பாயின் அமைப்பையும் வைத்துக் கப்பலைப் பிரிப்பது வழக்கமாக இருந்தபோது, அவர் உடலின் வடிவத்தை வைத்து வணிகக் கப்பல்களை ஐந்து வகைகளாகப் பிரித்தார். நீருக்குள் மறைந்திருக்கும் பகுதிதான் கப்பலின் குணம் என்ற அவருடைய நம்பிக்கை இந்த வகைப்பாட்டிலேயே தெரிகிறது. படங்களின் அழகைச் சொல்லாமல் போனால் குறைதான். மெல்லிய கோடுகளில் வங்குகள் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி வரையப்பட்டிருக்கும் அந்தத் தாள்களைக் கலைப்படைப்பாகவே பலர் சட்டமிட்டு மாட்டுகிறார்கள். ஆனால் ஒவ்வொரு கோட்டின் பின்னாலும் கணக்கு இருக்கிறது. அளவுகோலை வைத்து அளந்தால் அதே கப்பலைக் கட்டிவிடலாம்.

இதைச் செய்தவர் பதினைந்து ஆண்டுகளுக்கு முன் கப்பல் அளவுகளைக் குறித்துக்கொண்டதற்காகச் சிறையிருந்தவர். அந்தக் காலத்தில் கப்பல் வடிவங்கள் குடும்பச் சொத்து. அப்பன் மகனுக்குச் சொல்வது, மேஸ்திரி சீடனுக்குக் காட்டுவது. மேஸ்திரி இறந்தால் பாதி வித்தை அவரோடு போய்விடும். சாப்மன் தான் சேர்த்ததையெல்லாம் அச்சிட்டு விற்றார். 1775இல் அந்தப் படங்களுக்குப் பின்னாலிருந்த கணக்கு முறைகளை விளக்கிக் கப்பல் கட்டும் கலை பற்றிய ஆய்வுநூலையும் வெளியிட்டார். அது விரைவில் பிரெஞ்சில் வந்தது. போர்ட்ஸ்மவுத்தில் கப்பல் கட்டுநர்களுக்குப் பாடம் நடத்திய ஜேம்ஸ் இன்மன் 1820இல் அதை ஆங்கிலத்தில் மொழிபெயர்த்தார். ஒரு காலத்தில் அவருடைய குறிப்பேடுகளைப் பறித்துக்கொண்ட நாடு, அவர் மறைந்த பிறகு அவருடைய நூலை மாணவர்களுக்குப் பாடமாக்கியது.

1772இல் மூன்றாம் குஸ்தாவ் மன்னர் படைபலத்தால் ஆட்சியதிகாரத்தைத் தன் கைக்குக் கொண்டுவந்தார். அதே ஆண்டு சாப்மனுக்குப் பிரபுப் பட்டம் கிடைத்தது; பெயருக்கு முன்னால் 'ஆஃப்' சேர்ந்தது. மன்னருக்கு நாடகத்திலும் கடற்படையிலும் ஒரே அளவு மோகம். அவருக்காக 1778இல் 'ஆம்ஃபியோன்' என்ற அலங்காரக் கப்பலைச் சாப்மன் கட்டினார். அறைகள் அரண்மனை போல இருந்தன. கடலில் அது சரியாக ஓடவில்லை. மன்னரின் ரசனையும் கப்பலின் இயல்பும் மோதியபோது கணக்கறிந்தவரும் மன்னருக்கு விட்டுக்கொடுத்தார் என்றே இதைப் பார்க்க வேண்டியிருக்கிறது.

1780களின் தொடக்கத்தில் வந்த பணி அப்படிப்பட்டதல்ல. பழைய கடற்படை உளுத்துப்போயிருந்தது. அட்மிரல் ஹென்ரிக் ஆஃப் டிரோலேயும் சாப்மனும் சேர்ந்து புதிய படைக்குத் திட்டம் வகுத்தார்கள். 1782இல் கார்ல்ஸ்க்ரோனா தளத்தின் அட்மிரலாகச் சாப்மன் பொறுப்பேற்றார். சுவீடனின் தென்கிழக்கு மூலையில், 1680இல் கடற்படைக்கென்றே உருவாக்கப்பட்ட ஊர் அது. பாறையைக் குடைந்து அமைத்த உலர்துறைகள் அங்கே ஏற்கெனவே இருந்தன. 1782க்கும் 1785க்கும் இடையில் அந்த ஒரே தளத்தில் 60 பீரங்கி கொண்ட பத்துப் பெரிய போர்க்கப்பல்களும், 40 பீரங்கி கொண்ட பத்துப் பிரிகேட் கப்பல்களும் கட்டிமுடிக்கப்பட்டன. மூன்றே ஆண்டுகளில் இருபது கப்பல்கள்.

இந்த வேகத்தின் ரகசியம் வரைபடத்தில் இருந்தது. பத்துக் கப்பலுக்கும் ஒரே வரைபடம். அது மாறாது என்று உறுதியானால், ஒரு கப்பலுக்கு வங்கு வெட்டும்போதே அடுத்த ஐந்துக்கும் வெட்டிவைக்கலாம். எந்த மரம் எங்கே போகும் என்று முன்பே தெரிவதால் ஒவ்வொரு குழுவும் தனக்குரிய பகுதியை மட்டும் திரும்பத் திரும்பச் செய்து கை தேறியது. பழைய முறையில் மேஸ்திரி கண்ணால் பார்த்து, கட்டும்போதே வளைவைத் திருத்துவார். அடுத்த கப்பல் வேறொன்றாக இருக்கும். தாளிலுள்ள கப்பலும் தண்ணீரிலுள்ள கப்பலும் ஒன்றுதான் என்று நம்ப முடிந்ததால்தான் அந்தத் தளம் தொழிற்சாலையைப் போல இயங்க முடிந்தது. நீராவி வருவதற்கு முன்பே, மரத்தில் நடந்த தொடர் உற்பத்தி இது. சாப்மனின் கணிதத்தைப் பேசும் பலர் அதன் இந்தப் பக்கத்தைப் போதிய அளவு பேசுவதில்லை.

பெரும்பாலான பெரிய கப்பல்களுக்கு நற்பண்புகளின் பெயர்களை வைத்தார்கள்: நீதி, அறம், மானம், முன்யோசனை, துணிவு, வீரம், பரிவுகூட ஒன்று. பிரிகேட்டுகளுக்கு வீனஸ், டயானா, மினர்வா என்று தேவதைகளின் பெயர்கள். யூகன் டொர்ன்ஸ்ட்ரோம் என்ற சிற்பி அவற்றின் முகப்புகளில் பேருருவச் சிலைகளைச் செதுக்கினார். அவற்றில் சில இன்றும் கார்ல்ஸ்க்ரோனா கடற்படை அருங்காட்சியகத்தில் இருக்கின்றன. பிரிகேட்டுகளில் 24 பவுண்டுப் பீரங்கி ஏற்றும்படி உடலை வலுவாக வடிவமைத்தது சாப்மனின் துணிச்சல். பிற நாட்டுப் பிரிகேட்டுகள் 12 அல்லது 18 பவுண்டோடு நின்ற காலம் அது. பணம் குறைந்த நாடு, தேவைப்பட்டால் பிரிகேட்டையும் போர் வரிசையில் நிறுத்தலாம் என்ற எண்ணம்.

1788இல் போர் வந்தது. மூன்றாம் குஸ்தாவ் ரஷ்யாவைத் தாக்கினார். ஜூலை 17 அன்று ஹோக்லாந்து தீவருகே நடந்த மோதல் வெற்றி தோல்வியின்றி முடிந்தது. சுவீடன் படை 'விளாடிஸ்லாவ்' என்ற ரஷ்யக் கப்பலைக் கைப்பற்றியது. அந்தக் கப்பலில் இருந்த கொள்ளைக்காய்ச்சலையும் சேர்த்தே கைப்பற்றியது. நோய் கப்பலுக்குக் கப்பல் தாவி, கார்ல்ஸ்க்ரோனா ஊருக்குள்ளும் புகுந்து, ஆயிரக்கணக்கானோரைக் கொன்றது. மூன்று ஆண்டில் இருபது கப்பல் கட்டிவிடலாம். ஒரு மாலுமியைப் பழக்க அதைவிடக் காலம் பிடிக்கும். கப்பல்கள் நன்றாக இருந்தும் அவற்றை ஓட்டத் திடமான ஆட்கள் போதாத நிலையில் படை தடுமாறியது. 1790 ஜூலை 3 அன்று வீபோர்க் விரிகுடாவில் ரஷ்யர்களின் முற்றுகையை உடைத்து வெளியேறியபோது பெரிய போர்க்கப்பல்கள் பலவற்றை இழந்தார்கள்.

ஆறு நாள் கழித்து, அதே ஸ்வென்ஸ்க்சுந்தில், கதை தலைகீழானது. ஜூலை 9 அன்று நசாவ்-சீகன் இளவரசர் தலைமையில் வந்த ரஷ்யத் துடுப்புக் கப்பற்படையைச் சுவீடன் படை தீவுகளுக்கு நடுவே எதிர்கொண்டது. தாழ்வான பீரங்கிப் படகுகள் பாறைகளை ஒட்டி வளைத்து நின்று சுட்டன. பெரிய இலக்காக நின்ற ரஷ்யக் கலங்கள், காற்றும் அலையும் எதிராக எழ, ஒன்றன்பின் ஒன்றாகத் தரைதட்டின, மூழ்கின. ரஷ்யா ஏறத்தாழ ஐம்பது கலங்களை இழந்தது. சுவீடன் இழந்தது மிகச் சில. ஆகஸ்டில் எல்லை மாறாமல் சமாதானம் ஏற்பட்டது. அரசவைக் கொண்டாட்டங்களுக்கு நடுவே கட்டிய அலங்காரக் கலங்களோ, நற்பண்புகளின் பெயர் தாங்கிய பெருங்கப்பல்களோ அல்ல, அறுபது பேர் துடுப்புப் போடும் திறந்த படகுகளே சுவீடனைக் காத்தன.

1791இல் துணை அட்மிரல் பதவி; 1793இல் ஓய்வு. கார்ல்ஸ்க்ரோனாவுக்கு வெளியே ஸ்கார்வாவில், ஒரு நாட்டுப்புற வீட்டையும் கிரேக்கக் கோயில் முகப்பையும் இணைத்தாற்போன்ற மாளிகையை ஏற்கெனவே கட்டியிருந்தார். எழுபது கடந்த மனிதர் அங்கே நீர்த்தொட்டி அமைத்து, எடைகளைக் கயிற்றில் தொங்கவிட்டு, அவை இறங்கும் இழுவிசையில் சிறிய மர உருவங்களை நீரில் ஓடவிட்டு நேரம் பார்த்தார். எந்த வடிவம் குறைந்த தடையோடு போகிறது என்று அறியும் முயற்சி. அதிலிருந்து அவர் எடுத்த முடிவுகள் நிலைக்கவில்லை. மாதிரியில் கிடைத்த தடையைப் பெரிய கப்பலுக்கு எப்படிப் பெருக்குவது என்பதற்குரிய விதியை வில்லியம் புரூட் கண்டது 1870களை ஒட்டித்தான். நீரின் உராய்வுக்கு ஒரு கணக்கு, அலை எழுப்புவதில் போகும் ஆற்றலுக்கு இன்னொரு கணக்கு. இரண்டையும் பிரிக்காதவரை தொட்டி உண்மையைச் சொல்லாது. கப்பலின் குறுக்குப் பரப்புகள் பரவளையக் கோட்டைப் பின்பற்ற வேண்டும் என்று அவர் வகுத்த முறையையும் பின்வந்தவர்கள் அப்படியே ஏற்கவில்லை. ஆனாலும் கப்பலைக் கட்டுமுன் அதன் மாதிரியிடம் கேள்வி கேட்கலாம் என்ற வழக்கம் இன்றும் எல்லாக் கப்பல் ஆய்வுக்கூடங்களிலும் நடக்கிறது. விடை தவறியிருக்கலாம், கேட்ட இடம் சரி.

1808இல் ரஷ்யா மீண்டும் பின்லாந்துக்குள் நுழைந்தது. மே மாதம், ஸ்வென்ஸ்க்சுந்து வெற்றியில் பெரும்பங்கு வகித்த கார்ல் உலோஃப் க்ரோன்ஸ்டெட், ஸ்வேயபோர்க் கோட்டையை ஏறக்குறையப் போரின்றி ஒப்படைத்தார். கோட்டைத் துறையில் நின்றிருந்த கரையோரக் கப்பற்படையின் நூற்றையொட்டிய கலங்களும் அதோடு போயின. அவற்றுள் பல, சாப்மனின் வரைபடங்களின்படி கட்டப்பட்ட பீரங்கிப் படகுகள். அவர் அந்த ஆகஸ்ட் 19 அன்று, எண்பத்தாறு வயதில் கார்ல்ஸ்க்ரோனாவில் இறந்தார். அடுத்த ஆண்டு பின்லாந்து முழுவதும் ரஷ்யாவுக்குப் போனது. அதே ஆண்டுகளில் தன் பெரிய கப்பல்களையெல்லாம் ஆங்கிலேயரிடம் பறிகொடுத்திருந்த டென்மார்க், அவர் வகுத்த அதே வகைப் பீரங்கிப் படகுகளை ஏராளமாகக் கட்டி, 1814 வரை ஆங்கிலேய வணிகக் கப்பல்களைப் பால்டிக் வாசலில் மறித்துக்கொண்டிருந்தது.